ஆரஞ்சுப் பழத்தின் தரமும் பறிப்புப் பருவமும்

கடைத்தெருவில் ஆரஞ்சுப் பழம் வாங்குவோர் முதலில் நோக்குவது அதன் நிறத்தையே. பச்சை நீங்கிச் செம்மஞ்சள் படர்ந்த பழம் கனிந்தது என்றும், பச்சை மாறாத பழம் காய் என்றும் கொள்வது உலக வழக்கு. மா, வாழை, பப்பாளி முதலியவற்றில் இவ்வழக்குப் பெரும்பாலும் பொருந்தும். ஆரஞ்சு, சாத்துக்குடி, எலுமிச்சை ஆகியவை அடங்கிய எலுமிச்சை இனத்தில் இது அடிக்கடி பொய்த்துவிடுகிறது. முற்றிலும் பச்சையாக இருக்கும் பழம் உள்ளே நன்கு முதிர்ந்திருத்தல் கூடும். பொன்னிறம் கொண்ட பழம் வாயில் வைக்க இயலாத புளிப்புடன் இருத்தலும் கூடும்.

இதனினும் முக்கியமான வேறுபாடு ஒன்று உண்டு. மாவும் வாழையும் மாவுப்பொருளை மிகுதியாகச் சேமித்து வைத்திருக்கும் காய்கள். பறித்தபின் அம்மாவுப்பொருள் சர்க்கரையாக மாறுவதால் அவை வீட்டிலும் பழுக்கின்றன. எலுமிச்சை இனக் கனிகளில் இத்தகைய சேமிப்பு ஏதும் இல்லை. காம்பிலிருந்து அறுத்த நொடியோடு இலையிலிருந்து வரும் சர்க்கரையின் வரவு நின்றுவிடுகிறது. மரத்தில் இருக்கும்போது எவ்வளவு இனிப்பு ஏறியதோ அவ்வளவே அக்கனியின் இனிப்பு. பறித்து வைத்த பழத்தில் புளிப்பு சிறிது குறையலாம். அதனால் சற்று இனிப்பு மிகுந்தது போல் நாவுக்குத் தோன்றலாம். ஆனால் வைக்கோலிட்டு மூடியோ, புகையிட்டோ ஆரஞ்சைப் பழுக்கவைக்க எவராலும் இயலாது. ஆகவே எந்த நாளில் பறிப்பது என்னும் முடிவே பழத்தின் தரத்தை முடிவுசெய்கிறது.

இம்முடிவு பல தோட்டங்களில் உழவர் கையில் இல்லை. மகாராஷ்டிரத்தின் விதர்ப்பப் பகுதியில், காய்கள் மரத்தில் இருக்கும்போதே தோட்டம் முழுவதையும் ஒரு தொகைக்கு வியாபாரியிடம் விற்றுவிடும் வழக்கம் பரவலாக உள்ளது. பருவத்தின் முதல் வாரங்களில் சந்தையில் பழம் அரிது, விலை மிகுதி. அவ்விலையை நாடிச் சிலர் முதிராத காய்களையே பறித்து அனுப்புகின்றனர். அதனை வாங்கி உண்டு முகம் சுளித்தவர் அடுத்த வாரம் மீண்டும் ஆரஞ்சு வாங்குவதில்லை. பின்னர் நல்ல பழம் சந்தைக்கு வரும்போது அதன் விலையும் தாழ்ந்து நிற்கிறது. முன்கூட்டிப் பறித்தவரின் ஆதாயத்துக்கு, பொறுத்திருந்து பறித்தவர் விலை கொடுக்க நேரிடுகிறது. பழம் முதிர்ந்ததா இல்லையா என்பதை எண்ணால் சொல்ல வல்ல களப்பணியாளர் ஒருவர் ஊரில் இருப்பின் இவ்வழக்கில் அவர் சொல் எடுபடும்.

விதர்ப்பத்தின் இரு பருவங்கள்

நாகபுரி ஆரஞ்சு எனப் பெயர்பெற்றது, தோல் எளிதில் கழலும் கமலா வகையைச் சேர்ந்தது. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் நாகபுரியை ஆண்ட போன்சலே அரச குடும்பத்தினர் இதனை ஔரங்காபாத்திலிருந்து கொணர்ந்து தம் தோட்டத்தில் நட்டனர் என்று சொல்லப்படுகிறது. இன்று நாகபுரி, அமராவதி மாவட்டங்களிலும், எல்லையை அடுத்த மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாரா மாவட்டத்திலும் இது பெருமளவில் பயிராகிறது. 2014ஆம் ஆண்டில் இதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. எலுமிச்சை இனப் பயிர்களுக்கென மத்திய அரசின் ஆராய்ச்சி நிலையம் 1985இல் தொடங்கப்பட்டதும் நாகபுரியிலேயே ஆகும்.

இம்மரம் ஆண்டில் ஒருமுறைக்கு மேல் பூக்கும் இயல்புடையது. தை, மாசி மாதங்களில், அதாவது மாமரம் பூக்கும் காலத்தில் வரும் பூப்பினை மராத்தி உழவர் 'அம்பியா பஹார்' என்பர். மாவுக்கு அம்மொழியில் 'ஆம்பா' என்று பெயர். சூன், சூலை மாதங்களில் மழை தொடங்கியதும் வரும் பூப்பு 'மிருக் பஹார்' எனப்படும். ஞாயிறு மிருகசீரிட நட்சத்திரத்தில் புகும் காலம் என்பதனால் இப்பெயர். அத்த நட்சத்திரத்தின் பெயரால் வழங்கும் 'ஹஸ்த பஹார்' செப்டம்பர், அக்டோபர் மாதங்களுக்குரியது. அது எலுமிச்சைக்கே பெரிதும் வேண்டப்படுகிறது.

மூன்று பூப்புகளையும் ஒரே மரத்தில் விடுவது கேடு. கிளையில் பிஞ்சும் காயும் பழமும் கலந்து நிற்குமாயின் மரம் இளைக்கும். பறிப்பும் பல தவணையாகிவிடும். ஆதலால் உழவர் ஒரு பூப்பினைத் தெரிந்துகொண்டு மற்றவற்றைத் தவிர்க்க முயல்வர். இதற்குக் கருவி நீரே. அம்பியா வேண்டுவோர் டிசம்பர் வாக்கில் பாசனத்தை நிறுத்தி, மரத்தை வாடவிட்டுப் பின் நீர் பாய்ச்சுகின்றனர். இவ்வாறு வாடவிடுதலைத் 'தாண்' கொடுத்தல் என்பர். மிருக் வேண்டுவோர்க்குக் கோடையின் வறட்சியே 'தாண்' ஆகும், மழையே முதற்பாசனம். ஆனால் மழை பிந்தினாலோ, வாடிய நிலத்தில் இடையே கோடை மழை பெய்துவிட்டாலோ மிருக் பூப்பு ஏமாற்றிவிடும். அம்பியாவோ கோடை முழுவதும் பிஞ்சைக் காப்பாற்றக் கிணற்று நீர் கேட்கும். வரூட், மோர்ஷி வட்டங்களில் நிலத்தடி நீர் ஆழ்ந்துபோனதற்கு ஆரஞ்சுப் பாசனமும் ஒரு காரணம் என்பதை மறத்தலாகாது.

அம்பியாப் பழம் பெரும்பாலும் அக்டோபர் இறுதி முதல் டிசம்பர் வரை பறிப்புக்கு வருகிறது. மிருக் பழம் பெப்ரவரி முதல் ஏப்ரல் வரை வரும். முன்னது சற்றுப் புளிப்பானது, பின்னது இனிப்பு மிக்கது என்பது வாங்குவோர் அனைவரும் அறிந்த செய்தி. மரம் ஒன்று, மண் ஒன்று. இருந்தும் சுவை வேறு. காரணங்களுள் ஒன்றைக் காய் வளரும் காலத்தில் தேடவேண்டும். அம்பியாக் காய் பருக்கும் மாதங்கள் மழை மாதங்கள், வானம் மூடிக்கிடக்கும், வேர் வேண்டிய மட்டும் நீரை உறிஞ்சும். மிருக் காய் முதிரும் காலத்தில் மழை இல்லை. வெயில் தெளிவாக உள்ளது. காய்க்குச் செல்லும் நீர் அளவோடு உள்ளது. சாற்றில் கரைந்துள்ள பொருள்கள் செறிவடைவதற்கு இந்நிலை உகந்தது.

காய் பழமாகும் முறை

1958இல் ஆஸ்திரேலியாவில் வாலென்சியா ஆரஞ்சைக் குறித்து வெளிவந்த ஜோன் பெயின் அம்மையாரின் ஆய்வு, காயின் வளர்ச்சியை மூன்று நிலைகளாகப் பிரித்துக் காட்டிற்று. இப்பகுப்பு இன்றளவும் பாடநூல்களில் வழங்குகிறது.

முதல் நிலையில் உயிரணுக்கள் பெருகுகின்றன. பூ உதிர்ந்தது முதல் ஒன்றிரண்டு மாதங்கள் இது நிகழும். இக்காலத்தில் காய் பருப்பதெல்லாம் பெரும்பாலும் தோல் தடிப்பதனால்தான். பிஞ்சு ஒன்றைக் குறுக்கே அறுத்துப் பார்த்தால் வெண்மையான தோலே மிகுதியாகவும் நடுவில் சுளைகள் சிறு கீற்றுகளாகவும் தோன்றும். இரண்டாம் நிலையில் உயிரணுக்களின் எண்ணிக்கை பெரிதும் கூடுவதில்லை, அவை பருக்கின்றன. சுளைகளுள் அடங்கிய சாற்றுப் பைகள் நீரை நிரப்பிக்கொண்டு விரிகின்றன; தோல் இழுபட்டு மெலிகிறது. பழத்தின் இறுதிப் பருமன் இக்காலத்துக்குள் பெரும்பாலும் முடிவாகிவிடுகிறது. மூன்றாம் நிலை முதிர்ச்சி. வளர்ச்சி மெதுவாகிறது, உள்ளடக்கம் மாறுகிறது, தோலின் நிறமும் மாறத் தொடங்குகிறது.

இம்மூன்று நிலைகளும் கூர்மையான எல்லைகளால் பிரிக்கப்பட்டவை அல்ல. மாணவர்க்கு இதனை விளக்க விரும்பும் ஆசிரியர், ஒரே மரத்திலிருந்து மாதம் ஒரு காயாகப் பறித்து, குறுக்கே அறுத்து, தோலின் தடிப்பையும் சுளைப் பகுதியின் விட்டத்தையும் அளவுகோலால் அளக்கச் செய்யலாம். அருகில் ஓர் எலுமிச்சை மரம் இருப்பினும் இச்சோதனைக்குப் போதும்.

புளிப்பு இறங்குதல்

எலுமிச்சை இனத்தின் புளிப்பு சிட்ரிக் அமிலத்தால் ஆயது. இவ்வமிலம் இலையிலிருந்து வருவதன்று. இலையிலிருந்து வரும் சர்க்கரையைக் கொண்டு சாற்றுப் பைகளின் உயிரணுக்களே இதனை உண்டாக்கி, தம் நடுவே உள்ள குழிப்பைகளில் நிறைத்து வைக்கின்றன. காய் பருக்கும் நிலையின் முற்பகுதியில் அமிலத்தின் செறிவு உச்சத்தை அடைகிறது. பின்னர் அது இறங்குகிறது.

இவ்விறக்கத்துக்கு இரு காரணங்கள் உள. சாற்றுப் பைகள் மேன்மேலும் நீரை ஏற்பதனால் உள்ள அமிலம் நீர்த்துப்போவது ஒன்று. உயிரணுக்கள் சுவாசித்தலின்போது அமிலத்தைச் செலவழிப்பது மற்றொன்று. பின்னது வெப்பத்தைப் பொறுத்தது. இரவும் பகலும் வெம்மையாக உள்ள இடங்களில் அமிலம் விரைவாகக் கரைந்துவிடும். குளிர்ந்த இடங்களில் நெடுநாள் நிற்கும். வெப்பம் மிகுந்த சமவெளிகளில் ஆரஞ்சின் சுவை சில வேளை சப்பென்று இருப்பதற்கும், குளிர் நிலவும் இடங்களில் உறைப்பாக இருப்பதற்கும் இதுவே காரணமாகும்.

சர்க்கரையின் போக்கு இதற்கு எதிரானது. சுக்குரோசு, குளுக்கோசு, பிரக்டோசு ஆகிய மூன்றும் முதிர்ச்சிக் காலம் முழுவதும் சேர்ந்துகொண்டே வருகின்றன. சாற்றில் கரைந்துள்ள திடப்பொருள்களில் முக்கால் பங்குக்கு மேற்பட்டவை இச்சர்க்கரைகளே. எனினும் பறிப்புக்கு முந்திய வாரங்களில் சர்க்கரை ஏறும் வேகம் அமிலம் இறங்கும் வேகத்தைக் காட்டிலும் பெரிதும் குறைவு. நாவு 'இனித்துவிட்டது' என்று சொல்லும்போது உண்மையில் நிகழ்ந்தது பெரும்பாலும் புளிப்புக் குறைந்ததே ஆகும்.

மற்றப் பொருள்களும் மாறுகின்றன. வைட்டமின் 'சி'யின் செறிவு இளங்காயில் மிகுந்தும் முதிர்ந்த பழத்தில் குறைந்தும் காணப்படுகிறது. தோலில் அது சாற்றைவிட மிகுதி. சில வகைப் பழங்களின் சாறு பிழிந்தவுடன் இனித்து, சிறிது நேரத்தில் கசப்பது அனைவரும் அறிந்ததே. இக்கசப்புக்குக் காரணமான லிமோனின் என்னும் பொருள் முழுப் பழத்தில் கசப்பற்ற வடிவில் இருக்கிறது. பிழியும்போது சாற்றின் அமிலத்தோடு கலந்து கசப்பு வடிவை அடைகிறது. பழம் முதிர முதிர இத்தொல்லை குறையும். பஞ்சாபின் கின்னோ ஆரஞ்சிலிருந்து சாறு எடுத்து அடைப்போர் இதனை நன்கு அறிவர்.

நிறம் ஏன் ஏமாற்றுகிறது

தோலின் பச்சை நிறம் பச்சையத்தால் வருவது. செம்மஞ்சள் கரோட்டின் வகைப் பொருள்களால் வருவது. முதிர்ச்சியோடு பச்சையம் சிதைந்து, கரோட்டின்கள் பெருகி வெளிப்படும். பச்சையம் நன்கு சிதைய வேண்டுமாயின் இரவில் குளிர் வேண்டும். ஏறத்தாழ 13 டிகிரி சென்டிகிரேடும் அதற்குக் குறைவுமான இரவுகள் சில தொடர்ந்து வந்தால் தோல் விரைவில் நிறம் ஏறும். கடற்கரை வெப்ப நாடுகளில் இக்குளிர் எக்காலத்தும் வருவதில்லை. அங்கே பழம் பச்சையாகவே முதிர்ந்து, பச்சையாகவே விற்கப்படுகிறது. அங்குள்ளோர்க்கு அது வியப்பன்று.

விதர்ப்பத்தில் இக்குளிர் பெரும்பாலும் நவம்பரில் தொடங்குகிறது. அக்டோபரில் பறிக்கும் அம்பியாப் பழம் பச்சையாக இருப்பது இரவு வெப்பத்தால். முதிராமையால் மட்டும் அன்று. எனவே 'பச்சையாக இருக்கிறது. பறிக்காதீர்' என்று சொல்வது எப்போதும் சரியாகாது. 'பச்சை மாறிவிட்டது, பறிக்கலாம்' என்பதும் அவ்வாறே. வாலென்சியா வகையில், பொன்னிறமான பழம் அடுத்த கோடை வரை மரத்தில் நின்றால் மீண்டும் பச்சை பிடிப்பதும் உண்டு.

பறித்த பழத்தை மூடிய அறையில் வைத்து, பத்து இலட்சத்துக்கு ஐந்து பங்கு அளவான எத்திலீன் வாயுவைச் செலுத்தி, ஈரப்பதத்தைக் காத்து, பச்சை நீக்கும் முறை வணிகத்தில் உள்ளது. முறைப்படி செய்யின் இதில் தவறில்லை. ஆனால் இது தோலின் நிறத்தை மட்டுமே மாற்றும். உள்ளே உள்ள சர்க்கரை ஒரு துளியும் கூடாது. முதிர்ந்த பச்சைப் பழத்துக்கு இது அணி. முதிராத காய்க்கு முகமூடி. கால்சியம் கார்பைடைப் பயன்படுத்துவதோ நம் நாட்டில் சட்டத்தால் தடைசெய்யப்பட்டுள்ளது.

அளந்தறியும் முறை

கண்ணும் விரலும் கைவிட்ட இடத்தில் இரண்டு அளவைகள் உதவும். ஒன்று, சாற்றில் கரைந்துள்ள மொத்தத் திடப்பொருள், மற்றொன்று அமிலம். முன்னதைப் பின்னதால் வகுத்து வரும் ஈவு முதிர்ச்சி விகிதம் எனப்படும். ஆரஞ்சுக்கு எட்டுக்கு ஒன்று என்னும் விகிதத்தைக் குறைந்த அளவாகக் கொள்ளும் வழக்கம் கலிபோர்னியாவில் சென்ற நூற்றாண்டின் தொடக்கத்திலேயே ஏற்பட்டது. புளோரிடா ஆரஞ்சுகள் பருவம் முழுவதும் எவ்வாறு மாறுகின்றன என்பதை ஹார்டிங், வின்ஸ்டன், பிஷர் ஆகியோர் ஆராய்ந்து எழுதிய அறிக்கையை அமெரிக்க வேளாண் துறை 1940இல் வெளியிட்டது. ஒரே மரங்களிலிருந்து தவணை தவறாது பழம் எடுத்துச் சோதித்த அவர்தம் முறை, இன்றும் களத்தில் பின்பற்றத்தக்கது.

முதலில் மாதிரி எடுக்கும் முறை. இதில் நேரும் பிழையை எந்தக் கருவியாலும் திருத்த இயலாது. ஒரே மரத்தின் பழங்களே ஒன்றுபோல் இருப்பதில்லை. வெயில் படும் வெளிக்கிளையின் பழத்தில் திடப்பொருள் மிகுதி. உள்நிழலில் தொங்குவதில் குறைவு. ஒரே பழத்திலும் காம்புப் பக்கத்துப் பாதியைவிடப் பூமுனைப் பக்கத்துப் பாதி இனிப்பானது. ஆகவே பாதிப் பழத்தைப் பிழிந்து சோதிப்பது பயனற்றது. தோட்டத்தின் பல பகுதிகளில் சில மரங்களை வண்ணம் பூசி அடையாளம் செய்து, ஒவ்வொன்றிலும் நான்கு திசைகளிலிருந்தும், வெளியிலும் உள்ளிலுமாக, நடுத்தரப் பருமனுள்ள பழங்களைப் பறித்தல் வேண்டும். மொத்தம் இருபது பழமேனும் இருத்தல் நலம். தோட்டக்காரர் அன்போடு பறித்துத் தரும் பழத்தைச் சோதனைக்குக் கொள்ளலாகாது. அவர் நல்லதையே தெரிந்து தருவார்.

பழங்களை எடைபோட்டு, பிழிந்து, மெல்லிய துணியில் வடிகட்டிச் சாற்றையும் எடைபோட்டால் நூற்றுக்கு எத்தனை பங்கு சாறு என்பது கிடைக்கும். திடப்பொருளைக் கை ஒளிவிலகல் மானியால் அளக்கலாம். இரண்டு துளிச் சாற்றை விட்டு, வெளிச்சத்தை நோக்கிப் பார்த்தால் பிரிக்ஸ் டிகிரி நேரே தெரியும். கருவி 20 டிகிரி வெப்பத்துக்கு அமைக்கப்பட்டது. தானே வெப்பத் திருத்தம் செய்யாத கருவியாயின் 30 டிகிரி வெப்பத்தில் காணும் அளவுடன் ஏறத்தாழ முக்கால் பங்கு கூட்டிக்கொள்ள வேண்டும். ஒவ்வொரு நாளும் தொடங்குமுன் காய்ச்சி வடித்த நீரால் சுழியைச் சரிபார்த்தல் இன்றியமையாதது.

அமிலத்தைப் பள்ளி ஆய்வுக்கூடத்திலேயே அளக்கலாம். 10 மில்லிலிட்டர் சாற்றைப் பிப்பெட்டால் எடுத்துக் கூம்புக் குடுவையில் விட்டு, 50 மில்லிலிட்டர் காய்ச்சி வடித்த நீர் சேர்க்க வேண்டும். ஆரஞ்சுச் சாற்றின் சொந்த நிறம் முடிவு நிலையை மறைக்கும். நீர் சேர்ப்பது இதற்காகவே. மூன்று துளி பீனால்ப்தலீன் இட்டு, பியூரெட்டிலிருந்து 0.1 நார்மல் சோடியம் ஹைட்ராக்சைடு கரைசலைக் குலுக்கிக்கொண்டே துளித்துளியாகச் சேர்த்தால், அரை நிமிடம் மாறாது நிற்கும் இளஞ்சிவப்புத் தோன்றும். செலவான மில்லிலிட்டரை 0.064ஆல் பெருக்கின், 100 மில்லிலிட்டர் சாற்றில் உள்ள சிட்ரிக் அமிலம் கிராமில் கிடைக்கும். சோடியம் ஹைட்ராக்சைடு காற்றின் ஈரத்தையும் கரியமில வாயுவையும் ஈர்ப்பதாதலால், லிட்டருக்கு 6.3 கிராம் ஆக்சாலிக் அமிலப் படிகம் கரைத்த கரைசலைக்கொண்டு அதன் வலிமையை அவ்வப்போது சரிபார்த்தல் வேண்டும். மாணவர் இக்கரைசல்களைப் பிப்பெட்டில் வாயால் உறிஞ்சுவதை ஆசிரியர் ஒருபோதும் அனுமதித்தலாகாது.

ஓர் எடுத்துக்காட்டு. அக்டோபர்த் தொடக்கத்தில் ஒரு தோட்டத்துச் சாற்றின் திடப்பொருள் 9 டிகிரி, பியூரெட்டில் செலவு 17 மில்லிலிட்டர் எனக் கொள்க. அமிலம் 17 × 0.064 = 1.09, விகிதம் 8.3. ஆறு வாரம் கழித்துத் திடப்பொருள் 10 டிகிரி, செலவு 11 மில்லிலிட்டர். அமிலம் 0.70, விகிதம் 14.2. திடப்பொருள் ஒரே ஒரு டிகிரிதான் கூடிற்று; விகிதமோ முக்கால் மடங்கு உயர்ந்துவிட்டது. முன்னர்ச் சொன்ன புளிப்பிறக்கத்தின் ஆற்றலை இங்கே கண்கூடாகக் காணலாம்.

விகிதத்தின் குறை

ஆனால் இவ்விகிதத்தை மட்டும் நம்புவது ஆபத்து. திடப்பொருள் 7 டிகிரியும் அமிலம் 0.5உம் உள்ள நீர்த்த பழத்தின் விகிதமும் 14 ஆகும். மேற்சொன்ன நல்ல பழத்தோடு இது தாளில் சமம், வாயில் சமமன்று. பறிப்புக்கு முன் மிகுதியாக நீர் பாய்ச்சி எடையேற்றிய தோட்டங்களில் இத்தகைய பழமே கிடைக்கும். ஆகவே விகிதத்துடன் குறைந்த அளவுத் திடப்பொருளும், குறைந்த அளவுச் சாறும் கேட்பதே அறிவுடைமை. திடப்பொருள் மிகுந்த பழத்துக்கு விகிதத்தில் சலுகை தருவது புளோரிடாவின் முறை.

2010களில் கலிபோர்னியா, தொப்புள் ஆரஞ்சுக்கு மட்டும் வேறொரு கணக்கை மேற்கொண்டது. திடப்பொருளிலிருந்து அமிலத்தின் நான்கு மடங்கைக் கழித்து, மீதியை 16.5ஆல் பெருக்க வேண்டும். 90க்குக் குறைந்தால் பழம் தள்ளுபடி. மேற்கண்ட மூன்று எடுத்துக்காட்டுகளையும் இக்கணக்கில் இட்டுப் பார்க்கலாம். முதலாவது 77 பெற்றுத் தோற்கிறது. இரண்டாவது 119 பெற்று வெல்கிறது. நீர்த்த பழம் 82.5 பெற்றுத் தோற்கிறது. விகிதத்தால் பிரித்தறிய இயலாத இரண்டையும் இது பிரித்துவிட்டது. இக்கணக்கு கமலா வகைக்கென அமைக்கப்பட்டதன்று. ஆகவே 90 என்னும் எல்லையை நாகபுரி ஆரஞ்சுக்கு அப்படியே கொள்ளலாகாது. புளிப்பு ஒரு பங்கு மிகுவது இனிப்பு ஒரு பங்கு குறைவதைவிட நாவை மிகுதியாக உறுத்தும் என்னும் உண்மையை இது எண்ணாக்கிக் காட்டுகிறது. வகுப்பறைக்கு இது நல்ல பாடம்.

ஒவ்வொரு வகைக்கும் அதற்குரிய எல்லை வேண்டும். கலிபோர்னியாவில் ப்ராஸ்ட் என்னும் அறிஞர் உருவாக்கி 1935இல் வெளியிட்ட கின்னோ, பஞ்சாபில் இன்று பெரும்பரப்பில் பயிராகிறது. அங்கே 12க்கு 1 முதல் 14க்கு 1 வரையிலான விகிதத்தில், சனவரி நடு முதல் பெப்ரவரி நடு வரை பறிக்குமாறு உழவர்க்கு அறிவுறுத்துகின்றனர். எலுமிச்சையிலோ கணக்கே தலைகீழ். அங்கு வேண்டுவது புளிப்பும் சாறுமே.

பிந்திப் பறித்தல்

முந்திப் பறிப்பது குற்றமெனில் எவ்வளவு பிந்தினாலும் நன்றென்பது பொருளன்று. வாலென்சியாவும் கிரேப் பழமும் முதிர்ந்தபின் சில மாதங்கள் மரத்திலேயே கெடாது நிற்கும். மரமே அவற்றுக்குக் கிடங்கு. கமலா வகைக்கு இத்தாங்கும் ஆற்றல் இல்லை. நாள் கடந்தால் தோல் சுளையிலிருந்து விலகி உப்பிவிடும். உள்ளே வெற்றிடம் தோன்றும். வண்டியில் ஏற்றும்போது தோல் கிழியும். சாறு குறைந்து சுவை சப்பிடும். சாற்றுப் பைகள் தடித்து, வெளுத்து, சக்கையாகும் கேடும் உண்டு. இது பெரும்பாலும் காம்புப் பக்கத்தில் தொடங்குவது. பெரிய பழங்களிலும், இளமரங்களிலும், வீரியம் மிக்க வேர்ச்செடியில் ஒட்டிய மரங்களிலும், பிந்திப் பறித்தவற்றிலும் மிகுதியாகக் காணப்படுகிறது. வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது. கையில் எடுத்தால் பருமனுக்கு ஏற்ற கனம் இராது. கூடையில் மிகப் பெரிய பழத்தையே தேடி எடுக்கும் வழக்கம் எலுமிச்சை இனத்தில் இதனால்தான் நட்டத்தில் முடிகிறது.

உரமும் இங்கே தன் பங்கைச் செய்கிறது. தழைச்சத்து மிகுந்தால் தோல் தடித்து, நிறம் ஏறுவது தாமதமாகும். சாம்பல்சத்து மிகுந்தால் பழம் பருத்து, அமிலமும் கூடும். இவை குறைவதும் கேடே என்பதனால் இலைச் சோதனையின்றி உரத்தை மாற்றுமாறு உழவர்க்குச் சொல்லுதல் கூடாது.

ஓர் ஊரில் ஓராண்டு எடுத்த அளவைகள் அவ்வாண்டின் மழைக்கும் குளிருக்கும் மட்டுமே உரியவை. ஒரே மரங்களில், பதினைந்து நாளுக்கு ஒருமுறை, மூன்று நான்கு ஆண்டுகள் தொடர்ந்து எடுத்து ஏட்டில் குறித்தால், எட்டு என்னும் விகிதத்தை எந்த வாரத்துக்கு முன் அவ்வூர்ப் பழம் எட்டுவதே இல்லை என்பதும், எந்த வாரத்துக்குப்பின் சாறு குறையத் தொடங்குகிறது என்பதும் தெளிவாகும். அவ்விரு வாரங்களையும் தோட்டம் விற்கும் ஒப்பந்தச் சீட்டில் பறிப்புக்கு எல்லையாக எழுதிக்கொள்ளுமாறு உழவர்க்குக் களப்பணியாளர் சொல்லலாம். பூப்பு முடியும் முன்பே முன்பணம் கைமாறுவதால், ஏட்டைக் கொண்டுபோய்க் காட்டவேண்டிய காலம் பறிப்புக் காலம் அன்று; அம்பியாவுக்கு மார்ச்சு மாதம், மிருக்குக்கு ஆகஸ்டு மாதம்.